செஞ்சோற்றுக் கடன்: செர்பியத் தளபதி தெக்கெலியின் வாழ்வும் அதன் விலையும்

தமிழ் இலக்கியம் பேசும் அறங்களுள் செஞ்சோற்றுக் கடன் தனிச் சிறப்புடையது. உண்ட உணவுக்கு உயிரை ஈடாகக் கொடுத்தலே வீரனுக்கு அழகு என்பது நம் முன்னோர் கொள்கை. துரியோதனனுக்காகக் கர்ணன் நின்றான். இராவணனுக்காகக் கும்பகருணன் நின்றான். தாம் நிற்கும் பக்கத்தில் அறம் இல்லை என்பதை இருவரும் அறிவர். அறிந்தும் நின்றனர், நின்ற இடத்திலேயே மாண்டனர். அதனாலேயே நாம் அவர்கள்மேல் குற்றம் சுமத்தத் தயங்குகிறோம். கடனைத் தம் உயிராலேயே தீர்த்தவர்கள் அவர்கள்.

ஆனால், கடனைத் தீர்த்தவன் ஒருவன். அதற்குரிய விலையைச் செலுத்தியவர் வேறொருவர் என்ற நிலை வந்தால் என் செய்வது? கட்டளையைக் குறைவின்றி நிறைவேற்றிய வீரன் பட்டமும் பதக்கமும் பெற்று, முதுமை எய்தி, தன் இல்லத்தில் அமைதியாக அடங்குகின்றான். அக்கட்டளையால் ஓர் இனத்தின் தலைவர் பனிக்கடல் தீவொன்றில் 25 ஆண்டுகள் சிறையிருக்கின்றார். இவ்வாறு நேர்ந்த வரலாறு ஒன்று பதினெட்டாம் நூற்றாண்டின் கிழக்கு ஐரோப்பாவில் உண்டு. அவ்வீரனின் பெயர் பெட்டர் தெக்கெலியா. செர்பிய இனத்தவர், ருஷ்யப் பேரரசின் படையில் தளபதியாக உயர்ந்தவர். ருஷ்ய ஏடுகள் அவரைப் பியோத்தர் அப்ரமோவிச் தெக்கெலி என்று குறிக்கும். பிறந்த இடத்தை விட்டுப் பிழைக்க வந்த மண்ணில் அரசின் ஊதியம் பெற்று வாழும் எவரும் ஒருமுறை எண்ணிப் பார்க்கத்தக்கது அவர் வரலாறு.

எல்லைக் காவலர்களான செர்பியர்

செர்பியர்கள் தெற்கு ஸ்லாவிய இனத்தார். கிழக்கத்திய வைதிகக் கிறித்தவ நெறியைப் பின்பற்றுவோர். பால்கன் நிலத்தில் அவர்கள் கண்ட அரசு பதினைந்தாம் நூற்றாண்டில் துருக்கியரிடம் வீழ்ந்தது. 1690ஆம் ஆண்டு ஆஸ்திரியப் படை துருக்கியரிடம் பின்வாங்கியபோது, அப்படைக்குத் துணைநின்ற செர்பியர் பழிவாங்கலுக்கு அஞ்சி வடக்கு நோக்கிப் புறப்பட்டனர். பேராயர் மூன்றாம் அர்சேனியே தலைமையில் ஆயிரக்கணக்கான குடும்பங்கள் தன்யூப் ஆற்றைக் கடந்து ஆஸ்திரியப் பேரரசுக்குட்பட்ட ஹங்கேரி நாட்டை அடைந்தன. செர்பிய வரலாறு இதனைப் பெரும் புலப்பெயர்ச்சி என்று வழங்கும்.

வந்தவர்களுக்குப் பேரரசர் லியோபோல்டு அதே ஆண்டில் உரிமைப் பட்டயம் அளித்தார். தம் சமயத்தைத் தாமே பேணலாம்; தம் பேராயரைத் தாமே தேர்ந்தெடுக்கலாம் என்பன அப்பட்டயத்தின் உயிர்நாடி. 1699இல் கார்லோவிட்ஸ் உடன்படிக்கை கையெழுத்தான பின், திசா, மோரிஷ் ஆகிய ஆறுகளின் கரையே துருக்கிக்கும் ஆஸ்திரியாவுக்கும் எல்லையாயிற்று. அக்கரை நெடுகச் செர்பியர் காவற்படைகளாகக் குடியமர்த்தப்பட்டனர். அவர்கள் நிலவுடைமைப் பிரபுக்களுக்கு அடிமைப்பட்ட குடியானவர்கள் அல்லர். நிலத்தை உழுவர், போர் வந்தால் தம் வாளோடும் குதிரையோடும் புறப்படுவர். குருதியே அவர்கள் செலுத்திய நிலவரி எனலாம்.

மோரிஷ் ஆற்றங்கரையிலுள்ள அராத் என்னும் ஊரில் இக்காவலர்களின் தலைவராக விளங்கியவர் யோவான் தெக்கெலியா. 1697இல் செண்டா என்னுமிடத்தில் இளவரசர் யூஜின் துருக்கியரைப் பெருந்தோல்வியுறச் செய்தார். அப்போது சதுப்பு நிலத்தினூடே படைக்கு வழிகாட்டியவர் யோவான் என்பது மரபுவழிச் செய்தி. 1706இல் அவருக்குப் பிரபுப் பட்டமும் கிடைத்தது. இக்குடும்பத்தில் 1720ஐ ஒட்டிப் பிறந்தவரே நம் தளபதி பெட்டர்.

எல்லை நகர்ந்தது, உரிமையும் நகர்ந்தது

எல்லைக் காவலனுக்கு ஓர் ஆபத்து எப்போதும் உண்டு. பகைவன் வலுவாக இருக்கும்வரை அவன் தேவைப்படுவான். பகைவன் பின்வாங்கிவிட்டால், அவன் நிற்கும் இடம் எல்லையன்று; அவனும் வேண்டப்படுவான் அல்லன். 1718இல் பசரோவிட்ஸ் உடன்படிக்கையால் திசாவுக்கும் மோரிஷுக்கும் அப்பாலிருந்த பனாத் நிலப்பகுதி ஆஸ்திரியாவுக்குக் கிடைத்தது. எல்லை தெற்கே நகர்ந்தது. அராத்தின் காவலர்கள் ஒரே நாளில் உள்நாட்டுக் குடிகளாயினர்.

ஹங்கேரியப் பிரபுக்கள் இதையே எதிர்பார்த்திருந்தனர். அக்காவல் நிலத்தைத் தம் மாவட்ட ஆட்சிக்குள் சேர்க்க வேண்டும் என்று நெடுநாள் வற்புறுத்தி வந்தனர். 1741இல் பேரரசி மரியா தெரேசா தம் அரியணையைக் காக்க அப்பிரபுக்களின் துணையை நாடியபோது, அவர்கள் கேட்டதைக் கொடுக்க இசைந்தார். காவலர் அமைப்பைக் கலைக்கும் சட்டம் அவ்வாண்டே பிறந்தது. 1750, 1751 ஆகிய ஆண்டுகளில் அது செயலுக்கு வந்தது. செர்பிய வீரர் முன் நின்ற வழிகள் மூன்று: வாளைக் கீழே வைத்துப் பிரபுக்களின் ஆட்சிக்குட்பட்ட குடியாவது, புதிய எல்லைக்குப் பெயர்ந்து மீண்டும் காடு திருத்துவது, அல்லது நாட்டை விட்டே வெளியேறுவது. அறுபதாண்டுக்கால உழைப்புக்குக் கிடைத்த கைம்மாறு இது.

இளைஞர் பெட்டர் இச்செயல் முற்றுப்பெறும் வரை காத்திருக்கவில்லை. 1740களின் இறுதியிலேயே ருஷ்யா சென்று அந்நாட்டுப் படையிலிருந்த செர்பியக் குதிரைப் படைப்பிரிவில் சேர்ந்தார். ருஷ்யாவும் அதே வைதிகச் சமயத்தைப் பின்பற்றும் நாடு. மொழியும் உறவு மொழி. துருக்கியருக்கு எதிராக ஒருநாள் தம் இனத்தாரை மீட்கப்போகும் வல்லரசு அதுவே என்னும் நம்பிக்கை அக்காலச் செர்பியரிடையே பரவியிருந்தது.

புதிய செர்பியா

1751இல் இவான் ஹோர்வாத் என்னும் படைத்தலைவர் வியன்னாவிலிருந்த ருஷ்யத் தூதரை அணுகி, தம்மவர் பெருந்திரளாக ருஷ்யா வர விரும்புவதைத் தெரிவித்தார். அவ்வாண்டு அக்டோபரில் அவரோடு முதற்குழுவாகக் கீவ் நகரை அடைந்தோர் 218 பேர். பேரரசி எலிசபெத் அவர்களை வரவேற்று, நீப்பர் ஆற்றுக்கு மேற்கே, சினியூகா ஆறு வரையிலான புல்வெளி நிலத்தை அளித்தார். அதற்குப் புதிய செர்பியா என்று பெயர் வைக்கப்பட்டது. நோவோமிர்கொரொட் அதன் தலைநகராயிற்று. 1753இல் கிழக்கே தொனெத்ஸ் ஆற்றின் அருகில் ஸ்லாவிய செர்பியா என்னும் மற்றொரு குடியேற்றமும் எழுந்தது. மரியா தெரேசாவின் அரசு, படைவீரர்கள் கைநழுவிப் போவதைக் கண்டு, குடிபெயர்வைத் தடுக்க முனைந்தது.

புதிய நிலத்தில் எழுந்த ஊர்களுக்கு வந்தவர்கள் இட்ட பெயர்களைக் கேட்டால் நம் நெஞ்சம் சற்றே நெகிழும். பான்செவோ, கனீஷா, மார்த்தோனோஷ், நாட்லாக், சுபோத்திசா என்று தாம் விட்டுவந்த ஊர்ப் பெயர்களையே அவர்கள் புல்வெளியில் நட்டனர். சற்றே உருமாறி அப்பெயர்கள் இன்றும் உக்ரைன் நாட்டு வரைபடத்தில் உள்ளன.

ஆயினும் அந்நிலம் ஆளற்ற வெற்றிடம் அன்று. அங்கே முன்பே குடியிருந்த உக்ரைனிய உழவர்கள், வருவோருக்கு இடம்விடுமாறு வெளியேறப் பணிக்கப்பட்டனர். நிலத்தின் தென்பகுதியைத் தமதென்று உரிமை கொண்டாடியவர் வேறு ஒரு கூட்டத்தார். அவர்களே ஜப்பரோஷியக் கொசாக்கியர். புதிய செர்பியாவின் எல்லைக்கல் எங்கே நடப்படுவது என்பது பற்றி இரு சாராருக்கும் ஓயாத வழக்கு இருந்துவந்தது. உரிமையிழந்து வந்தவர்களின் குடியேற்றமே மற்றவர் உரிமைமேல் எழுந்தது என்பதை மறவாமல் மேலே செல்வோம்.

அருவிகளுக்கு அப்பால் வாழ்ந்தோர்

ஜப்பரோஷியா என்னும் சொல்லுக்கு அருவிகளுக்கு அப்பாலுள்ள நிலம் என்பது பொருள். நீப்பர் ஆறு பாறைகளில் மோதிச் சீறிப் பாயும் இடங்களுக்குக் கீழே, ஆற்றுத் தீவுகளிலும் கரைகளிலும் கொசாக்கியர் தம் பாசறையை அமைத்திருந்தனர். அதற்குச் சீச் என்று பெயர். பிரபுக்களின் கொடுமைக்கு அஞ்சி ஓடிவந்த உழவர்களும் வீரர்களும் கூடிப் பதினாறாம் நூற்றாண்டு முதல் வளர்த்த அமைப்பு அது. 1734இல் நிறுவப்பட்ட இறுதிச் சீச்சில் 38 பிரிவுகள் இருந்தன. ஆண்டுதோறும் அனைவரும் கூடித் தம் தலைவரைத் தேர்ந்தெடுப்பர். சீச்சுக்குள் பெண்கள் நுழைதல் கூடாது. ஆயினும் அதன் ஆட்சிக்குட்பட்ட ஊர்களில் குடும்பத்தோடு வாழ்ந்தோர் பலர். மீன்பிடித்தல், உழவு, கால்நடை, உப்பு வாணிகம் ஆகியவை அவர்கள் வாழ்க்கை. கிரீமியத் தாத்தாரையும் துருக்கியரையும் தடுத்து நிறுத்துவது அவர்கள் பணி.

சற்று நின்று நோக்குக. ஆற்றங்கரைக் காவல், வைதிகச் சமயம், தம் தலைவர் கீழ் அமைந்த தன்னாட்சி, போர்த்தொண்டுக்கு ஈடான நிலவுரிமை ஆகிய அனைத்திலும் இக்கொசாக்கியர் அராத்துச் செர்பியருக்கு உடன்பிறந்தார் போன்றவர். ஒரே ஒரு வேறுபாடு: அராத்தின் காவலமைப்பு முன்பே கலைக்கப்பட்டுவிட்டது, சீச்சுக்கு இன்னும் நாள் வரவில்லை.

1765 முதல் ஆண்டுதோறும் இடையறாது தேர்ந்தெடுக்கப்பட்டு அவர்களுக்குத் தலைவராயிருந்தவர் பெட்ரோ கால்னிஷெவ்ஸ்கி. 1768இல் ருஷ்யாவுக்கும் துருக்கிக்கும் போர் மூண்டது. கொசாக்கியர் ருஷ்யப் படையோடு சேர்ந்து தீரத்துடன் போரிட்டனர். பேரரசி கத்தரீன் கால்னிஷெவ்ஸ்கிக்குப் பொற்பதக்கம் வழங்கினார். அரசியின் பேரன்புக்குரிய பொட்டெம்கின் சீச்சின் ஒரு பிரிவில் தம்மையும் ஒரு கொசாக்கியராகப் பதிவு செய்துகொண்டு, கிரிட்ஸ்கோ நெச்செசா என்னும் கொசாக்கியப் பெயரும் ஏற்றுக்கொண்டார். ஏழாண்டுப் போரில் பிரஷியரோடு பொருது அனுபவம் பெற்றிருந்த தெக்கெலியும் இத்துருக்கியப் போரில் பங்குகொண்டு, படைத்துணைத் தளபதியாக உயர்ந்தார். ஆக, அழிக்கவிருந்தவரும் அழியவிருந்தவரும் ஒரே கொடியின்கீழ் ஒரே பகைவனோடு போரிட்டவர்களே.

1774 ஜூலையில் குச்சுக் கைனார்ஜி உடன்படிக்கை கையெழுத்தாயிற்று. கிரீமியா துருக்கியின் பிடியிலிருந்து விலகியது. கருங்கடற்கரையில் ருஷ்யா கால் ஊன்றியது. எல்லை மீண்டும் நகர்ந்தது. பசரோவிட்ஸ் உடன்படிக்கை அராத்துக்கு எதைச் செய்ததோ, குச்சுக் கைனார்ஜி சீச்சுக்கு அதையே செய்தது. மேலும் ஒரு காரணம் உண்டு. 1773இல் தொடங்கிய புகச்சோவ் கிளர்ச்சி கொசாக்கியரிடையே பிறந்து பேரரசையே உலுக்கியது. தன்னாட்சியுடைய எந்தக் கொசாக்கியக் கூட்டமும் அரசின் கண்ணுக்கு ஐயத்துக்குரியதாயிற்று. பொட்டெம்கின் புதிய மாநிலம் காணத் துடித்தார். அதற்கு நிலம் வேண்டும். நிலமோ கொசாக்கியரிடம் இருந்தது.

தம் நிலவுரிமையைக் காக்கக் கொசாக்கியர் என்ன செய்தனர்? பழைய பட்டயங்களையும் ஆவணங்களையும் தொகுத்து எடுத்துக்கொண்டு, சிதிர் பீலி, அந்தோன் கொலொவாத்தி முதலியோரைத் தலைநகருக்கு அனுப்பினர். தூதுக்குழு தலைநகரில் முறையீட்டுக்கு விடை எதிர்பார்த்துக் காத்திருந்தது. விடை வேறு வழியாகச் சீச்சுக்கே போய்ச் சேர்ந்தது.

1775ஆம் ஆண்டு ஜூன்

அவ்விடையைக் கொண்டு சென்றவர் தெக்கெலி. துருக்கியப் போர் முடிந்து திரும்பும் படைகளே இப்பணிக்கு அமைந்தன. ஆகவே அவற்றின் நடமாட்டம் யாருக்கும் ஐயம் தரவில்லை. புனித எலிசபெத் கோட்டையிலிருந்து ஐந்து பிரிவுகளாகப் பிரிந்து கொசாக்கிய நிலத்துள் புகுந்தனர். அது திரித்துவத் திருநாளை ஒட்டிய விழாக்காலம். ஜூன் மாதத்தில் ஓரிரவு தெக்கெலியின் படை ஓசையின்றிச் சீச்சைச் சூழ்ந்துகொண்டது. கொசாக்கியர் உறங்கி விழித்தபோது பீரங்கிகள் தம்மை நோக்கி நிற்பதைக் கண்டனர்.

தெக்கெலி சுடவில்லை. சரணடையுமாறு சொல்லியனுப்பிக் காத்திருந்தார். சீச்சுக்குள் கூட்டம் கூடியது. போரிடுவோம் என்று இளையோர் கொதித்தனர். கிறித்தவர் கையால் கிறித்தவர் குருதி சிந்தலாகாது என்று தலைமைக் குரு விளாதிமிர் சொக்கால்ஸ்கி மன்றாடினார். கால்னிஷெவ்ஸ்கியும் பணிந்துபோவதையே நாடினார். ஒரு வெடியும் வெடிக்காமல் இருநூறாண்டு மரபு முடிந்தது. பீரங்கிகளும் கருவூலமும் ஆவணங்களும் அகற்றப்பட்டன; கட்டடங்கள் இடிக்கப்பட்டன. தலைவர் கால்னிஷெவ்ஸ்கியும் நீதிபதி பாவ்லோ கொலொவாத்தியும் எழுத்தர் குளோபாவும் சிறைசெய்யப்பட்டனர். ஆகஸ்டு மாதத்தில் கத்தரீன் வெளியிட்ட அறிக்கை, சீச் ஒழிந்தது. ஜப்பரோஷியக் கொசாக்கியர் என்னும் பெயரும் ஒழிந்தது என்று அறிவித்தது.

இதன் பின் நடந்ததாகக் கொசாக்கிய முதியோர் வாய்மொழியில் வழங்கிய கதை ஒன்று உண்டு. கூலிவேலைக்குப் போகிறோம், ஐம்பது பேருக்குக் கடவுச்சீட்டு வேண்டும் என்று கொசாக்கியர் சிலர் தெக்கெலியிடம் கேட்டனராம். அவரும் கொடுத்தாராம். அந்த ஒரு சீட்டைக் காட்டிப் படகுகளில் ஆயிரக்கணக்கானோர் ஆற்றின் வழியே கடலுக்குள் இறங்கித் துருக்கிக்குத் தப்பினராம். படகுகளைத் தெக்கெலி எண்ணிப் பார்க்கத் தவறினாரா, அன்றி அறிந்தே முகம் திருப்பிக்கொண்டாரா என்பதைக் கதை கூறவில்லை. தம்மை அழிக்க வந்தவரைப் பற்றி மக்கள் இப்படி ஒரு கதையைச் சொல்லி வந்தனர் என்பதே நமக்குப் போதிய செய்தி. தப்பியோர் தன்யூப் ஆற்றின் முகத்துவாரத்தில் மற்றொரு சீச் அமைத்து 1828 வரை வாழ்ந்தது வரலாற்று உண்மை.

தெக்கெலியின் செயலை எங்ஙனம் மதிப்பிடுவது? குருதி சிந்தாமல் முடித்தார் என்று புகழ்வோர் உளர். அப்புகழ் முற்றும் தகும். அவரிடத்தில் வேறொருவர் இருந்திருந்தால் அன்று நீப்பர் சிவந்திருக்கக் கூடும். ஆனால் அந்தப் பொறுமைதான் பேரரசின் வேலையை எளிதாக்கியது என்பதையும் சொல்லியாக வேண்டும். மண்ணில் குருதி சிந்தியிருந்தால் தலைநகரில் ஒரு கேள்வியேனும் எழுந்திருக்கும். கோப்பு ஒழுங்காக மூடப்பட்டால் யார் கேட்பார்? நல்ல அலுவலரின் கையால் நடக்கும் தீமை ஓசையின்றி நடக்கும். ஓசையில்லாததால் முழுமையாகவும் நடக்கும். அராத்தில் பிறந்தவருக்குக் காவலமைப்பு கலைக்கப்படுவதன் நோவு ஏட்டுச் செய்தியன்று, சொந்த அனுபவம். அந்நோவு அவர் கையை நடுங்கச் செய்ததாகச் சான்று இல்லை. ஒருவேளை சுடாமல் காத்திருந்த அந்த நேரமே அதன் அடையாளமாகலாம். அதற்கு மேல் அது செல்லவில்லை.

பனிக்கடல் தீவில் ஒருவர்

பரிசும் தண்டனையும் தத்தம் திசையில் சென்றன. தெக்கெலிக்குப் புனித அலெக்சாண்டர் நெவ்ஸ்கி விருது கிடைத்தது. சீச் நின்ற நிலத்தையும் அதைச் சூழ்ந்த பெரும்பரப்பையும் அரசின் தலைமை வழக்குரைஞர் இளவரசர் வியாசெம்ஸ்கி முதலிய பெருமக்கள் பெற்றனர். எழுத்தர் குளோபாவும் நீதிபதி கொலொவாத்தியும் சைபீரியாவுக்கு அனுப்பப்பட்டனர்.

கால்னிஷெவ்ஸ்கிக்கு அப்போது வயது எண்பதுக்கும் மேல். 1776இல் வெண்கடலிலுள்ள சொலொவெத்ஸ்கித் தீவு மடத்தில் அவரை அடைத்தனர். யாரோடும் பேசக்கூடாது, கடிதம் எழுதக்கூடாது. ஆண்டில் சில திருநாள்களில் மட்டும் அறையை விட்டு வெளியே வரலாம். 1801இல் அரியணை ஏறிய அலெக்சாண்டர் அவருக்கு விடுதலை அளித்தார். வெளியே செல்ல அவருக்கு ஊர் இல்லை. அவரை அறிந்தோர் இல்லை. மடத்திலேயே தங்கிவிட்டார். 1803இல் அவர் இறந்தபோது வயது 112 என்று கல்லறைக் கல் கூறுகிறது. அவர் என்ன ஆனார் என்பதே அவர்தம் மக்களுக்கு நெடுங்காலம் தெரியாதிருந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில்தான் அச்செய்தி வெளிப்பட்டது.

ஒன்று குறிப்பிடத்தக்கது. தெக்கெலி அகற்றிச் சென்ற ஆவணங்கள் அழியவில்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டில் வரலாற்றாசிரியர் அப்பொல்லன் ஸ்கல்கோவ்ஸ்கி அவற்றைக் கண்டெடுத்துச் சீச்சின் வரலாற்றை எழுதினார். பெயரையும் ஒழித்தோம் என்று முரசறைந்த அரசின் கிடங்கிலேயே அப்பெயர் தாளில் உறங்கிக் கிடந்தது.

தளபதியின் அந்திக்காலம்

1787இல் மீண்டும் துருக்கியப் போர் மூண்டபோது தெக்கெலி காக்கசியப் படைக்குத் தலைமை ஏற்றார். 1788இல் குபான் ஆற்றைக் கடந்து சர்க்காசியரோடு பொருது, கருங்கடற்கரையிலுள்ள அனாப்பா கோட்டை வரை சென்றார். கோட்டை வீழவில்லை. துருப்புக்களுடன் திரும்பினார். உடல்நலம் குன்றவே 1789இல் ஓய்வு பெற்று, நோவோமிர்கொரொட்டில் தங்கினார். 1790களின் தொடக்கத்தில் அங்கேயே காலமானார்.

அவர் இறுதி நாள்களைக் கழித்த அந்நகரம் ஒரு காலத்தில் புதிய செர்பியாவின் தலைநகர் என்பதை முன்பே கண்டோம். அக்குடியேற்றம் என்னவாயிற்று? சீச்சுக்குப் பதினோராண்டு முன்னரே, 1764இல், கத்தரீன் அதனையும் கலைத்துப் புதிய ருஷ்யா என்னும் மாநிலத்தில் கரைத்துவிட்டார். அதைக் கண்ட ஹோர்வாத் முறைகேட்டுக் குற்றச்சாட்டுக்கு ஆளாகி வொலொக்தாவுக்கு நாடுகடத்தப்பட்டார். ஆகவே தெக்கெலி சீச்சை வளைத்தபோது பேரரசின் போக்கை அறியாதவர் அல்லர். தம் பிறந்தகத்தில் ஒருமுறையும் வந்த மண்ணில் ஒருமுறையும் அதனைக் கண்டவர். மூன்றாம் முறை அதனை நிறைவேற்றும் கை தம் கையாயிற்று.

இன்னொரு விந்தை. கொசாக்கியரை ஒழித்த பேரரசுக்குப் புதிய போரில் அவர்களே மீண்டும் தேவைப்பட்டனர். தூது சென்று வெறுங்கையராய்த் திரும்பிய சிதிர் பீலி, அந்தோன் கொலொவாத்தி ஆகியோரைக் கொண்டே பொட்டெம்கின் கருங்கடல் கொசாக்கியப் படையை உருவாக்கினார். 1792இல் அவர்களுக்குக் குபான் நிலம் அளிக்கப்பட்டது. அது தெக்கெலி இறுதியாகப் போரிட்ட அதே குபான். எல்லை அங்கே நகர்ந்திருந்தது. காவலன் மீண்டும் தேவைப்பட்டான்.

தெக்கெலியர் இருவர்

தெக்கெலியா குடும்பத்தில் மற்றொருவரும் வரலாற்றில் இடம் பெற்றுள்ளார். அவர் சாவா தெக்கெலியா. 1761இல் அராத்தில் பிறந்தவர். சட்டவியலில் முனைவர் பட்டம் பெற்ற முதற் செர்பியர் அவர் என்பர். இளமையில் ருஷ்யா சென்று தம் உறவினரான தளபதியைக் கண்டார். அங்கே தங்காமல் ஊர் திரும்பினார். உரிமை குறைந்த அதே ஹங்கேரியில் இருந்துகொண்டே தம் இனத்துக்காகப் பேசினார். 1826இல் பெஸ்ட் நகரில் மாத்திசா ஸ்ர்ப்ஸ்கா என்னும் செர்பிய இலக்கியச் சங்கம் தோன்றியது. அதன் நூல்களுக்கும் பணிகளுக்கும் வாரி வழங்கியவர் சாவா. 1838இல் அச்சங்கத்தின் தலைவருமானார். அவ்வாண்டே பெஸ்ட் நகரில் பயிலும் ஏழைச் செர்பிய மாணவர்களுக்காக விடுதி ஒன்றை நிறுவினார். தெக்கெலியானும் என்னும் பெயரில் அக்கட்டடம் புடாபெஸ்ட் நகரில் இன்றும் நிற்கின்றது. 1842இல் அவர் மறைந்தார்.

இருவரையும் அருகருகே நிறுத்திப் பார்ப்போம். ருஷ்யா சென்ற செர்பியருக்கு நிலம் கிடைத்தது, பதவி கிடைத்தது, ஊர்ப் பெயர்களும் நிலைத்தன. ஆயினும் அவர்கள் எண்ணிக்கையில் சிறியவர். மொல்தாவியர், பல்கேரியர், உக்ரைனியர் என்று பலரோடும் கலந்து வாழ்ந்தனர். சமயமும் ஒன்றே ஆதலால் வேலி ஏதும் இல்லை. தம் மொழியைப் பேணும் பள்ளியோ சங்கமோ அவர்கள் வேரூன்ற நிறுவவில்லை. சில தலைமுறைகளில் செர்பிய மொழி அங்கே அடங்கிவிட்டது. பான்செவோ என்னும் ஊரில் பிறந்த குழந்தைக்கு அப்பெயரின் பொருளைச் சொல்லுவார் இல்லாது போயிற்று. பெஸ்ட் நகரில் இருந்தோர் நிலம் பெறவில்லை, பதவியும் பெரிதில்லை. ஆனால் ஒரு சங்கமும் ஒரு விடுதியும் கண்டனர். செர்பிய இலக்கியத்தின் மறுமலர்ச்சிக்கு அவை தாயகமாயின. மாத்திசா பின்னர் நோவி சாத் நகருக்குப் பெயர்ந்து இன்றும் இயங்கிவருகின்றது.

முடிவுரை

தெக்கெலியை நாம் தூற்றப் புகவில்லை. அவர் கொடியவர் அல்லர். பேராசைக்காரர் என்றும் வரலாறு கூறவில்லை. ஊதியம் தந்த அரசுக்கு உண்மையாய் இருந்தார். போரில் அஞ்சாதவர், வென்ற இடத்தில் வாளை உறையிலிட்டவர். அரசுப் பணியில் உள்ளோருள் பெரும்பாலோர் இவ்வளவும் செய்தாலே தம் கடமை முடிந்தது என்று அமைதி கொள்வர்; கொள்ளலாம்.

ஆயினும் செஞ்சோற்றுக் கடனுக்குள் ஒரு கேள்வி மறைந்துள்ளது. அச்சோறு விளைந்த நிலம் யாருடையது? ருஷ்யா செர்பியருக்குக் கொடுத்தது முன்பே பிறர் வாழ்ந்த நிலம். அந்நன்றிக்கு ஈடாகத் தெக்கெலி அரசுக்கு மீட்டுக் கொடுத்ததும் பிறர் நிலமே. கொடுத்தவனும் கொண்டவனும் கணக்கைத் தீர்த்துக்கொண்டனர். கணக்கில் பெயரே எழுதப்படாத மூன்றாமவன் விலை செலுத்தினான். கும்பகருணன் போருக்குப் புறப்படுமுன் அண்ணனிடம் அறத்தை எடுத்துரைத்தான் என்பதை நம் காப்பியம் மறவாமல் காட்டுகிறது. சோற்றுக் கடன் வாயை அடைப்பதன்று. இடித்துரைத்தலும் அக்கடனின் ஒரு பகுதியே என்பது நம் மரபு. பொட்டெம்கினிடம் தெக்கெலி அவ்வாறு ஒரு சொல் சொல்லியிருந்தால் சீச் பிழைத்திருக்கும் என்று நாம் எண்ணவில்லை. ஆனால் சொல்லியவர் என்னும் பெயர் அவருக்கு எஞ்சியிருக்கும்.

கால்னிஷெவ்ஸ்கியின் சீச் நின்ற இடத்தின் பெரும்பகுதி 1950களில் ககோவ்கா அணையின் நீரில் மூழ்கியது. 2023 ஜூனில் அவ்வணை போரில் உடைந்து நீர் வடிந்தபோது, பழைய ஆற்றுப்படுகை மீண்டும் வெயிலைக் கண்டது. தெக்கெலியின் நோவோமிர்கொரொட்டும் அதே உக்ரைனில்தான் உள்ளது. பேரரசுகளின் எல்லைக்கற்கள் அம்மண்ணில் எத்தனையோ முறை நட்டும் பிடுங்கியும் ஆயின. இடையில் வந்து குடியேறிய செர்பியர் விட்டுச்சென்றது சில ஊர்ப் பெயர்களையே. புடாபெஸ்டிலுள்ள விடுதியோ இன்றும் தெக்கெலியா என்னும் பெயரைத் தாங்கி நிற்கின்றது.

வந்த இடத்தில் நேர்மையாய் உழைப்பது நம் கடன். நம் உழைப்பால் பிறர்க்கு நேர்வது என்ன என்று கேட்பதும் கடனே. தம் மக்கள் நாவில் தம் மொழி நிலைக்க ஒரு சங்கத்தையும் ஒரு பள்ளியையும் பேணுவது மூன்றாவது கடன். தளபதி தெக்கெலி முதற் கடனைக் குறைவறத் தீர்த்தார். மற்ற இரண்டையும் அவர் வாழ்விலிருந்து நாம் கற்றுக்கொள்வோமாக.